செய்தி நின்ற இடத்தில் தொடங்கிய நாவல்

1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில், ராமையாவின் குடிசைக்குள் 44 பேர் எரிக்கப்பட்டனர். கூலி நெல்லைக் கூட்டிக் கேட்டதும் செங்கொடி பிடித்ததுமே அவர்கள் செய்த குற்றம். அன்றைய செய்தித்தாள்கள் சிலவற்றில் அது விவசாயிகளிடையே நடந்த மோதலாக வந்தது. கீழ் நீதிமன்றம் தண்டித்த மிராசுதாரை உயர் நீதிமன்றம் விடுவித்தது.

செய்தியும் தீர்ப்பும் கைவிட்டதை நாவலில் கையிலெடுத்தவர் மீனா கந்தசாமி. 1984-இல் சென்னையில் பிறந்த அவர், 2001-இல் 'தி தலித்' என்ற ஆங்கில இதழின் ஆசிரியரானார். தொல்.திருமாவளவனின் கட்டுரைகளை ஆங்கிலத்தில் பெயர்த்தார். கவிதைகளுக்குப் பின், 2014-இல் 'தி ஜிப்ஸி காடஸ்' என்ற வெண்மணி நாவலை எழுதினார்.

அதில் மிராசுதார்கள் முதலமைச்சருக்கு எழுதும் மனுவும் உண்டு. இறந்தோரின் கணக்கும் உண்டு. யாருடைய குரல் ஆவணமாகிறது, யார் வெறும் எண்ணாகிறார்கள் என்று கேட்பது பத்திரிகைக் கண். அடுத்த நாவல் 'வென் ஐ ஹிட் யூ' 2018-இல் பெண்கள் புனைவுப் பரிசின் இறுதிப் பட்டியலுக்குச் சென்றது.

வெண்மணி நாவல் தமிழிலும் 'குறத்தியம்மன்' என வந்துள்ளது. நம் ஊர் நூலகத்தில் அது இருக்கிறதா? இல்லையென்றால் கேட்டு வாங்க வைப்போம். ஆண்டுக்கொரு நாள் மலர் வைப்பதோடு நம் கடமை முடிந்துவிடாது.