துண்டிக்கக் கூடாத எண்

ஸ்ரீவைகுண்டத்தில் துக்க வீடுகளுக்குச் சென்று வரும்போதெல்லாம் நான் காணும் தவறு ஒன்று உண்டு: பதினாறாம் நாள் காரியம் முடிந்த கையோடு, இனி எதற்கு வீண் செலவு என்று, காலமானவரின் கைபேசி எண்ணுக்கு ரீசார்ஜ் செய்வதை நிறுத்திவிடுகிறார்கள். வங்கி, காப்பீடு, மின்னஞ்சல் ஆகிய சகலத்துக்கும் ஓடிபி வருவது அந்த எண்ணுக்கே. நிரந்தரமாகத் துண்டிக்கப்பட்ட எண்ணையோ, 90 நாள் கழிந்தபின் நிறுவனம் அந்நியர் எவருக்கேனும் கொடுத்துவிடலாம். ஆகையால் எண்ணை நடப்பில் வைத்திருந்து, இறப்புச் சான்றிதழ் வந்ததும் வாரிசு ஒருவர் பெயருக்கு மாற்றிக்கொள்ளுங்கள். அதற்காக, இறந்தவரின் கணக்கிலிருந்து ஜிபேயில் பணம் எடுத்துவிடாதீர்கள். அப்பணம் வங்கியில் முறைப்படி மனுச் செய்தே வரவேண்டும்.

சான்றிதழில்தான் அலைச்சல் மிகுதி. நம்மூர்க்காரர் பாளையங்கோட்டை ஆஸ்பத்திரியில் இறந்தால் பதிவு அங்கேதான். இங்கே பேரூராட்சியில் போய் நிற்பது வீண். 1969ஆம் ஆண்டுச் சட்டப்படி 21 நாட்களுக்குள் தகவல் தரவேண்டும். பெயரும் தலைப்பெழுத்தும் ஆதாரில் உள்ளபடி இருக்கின்றனவா என்று அவ்விடத்திலேயே எழுத்துக் கூட்டிப் பாருங்கள். ஓரெழுத்துப் பிழைக்காக ஏழைகளை மும்முறை திருப்பியனுப்பும் குமாஸ்தாக்கள், அப்பிழை தங்கள் காரியாலயத்திலேயே விளைந்தது என்பதை ஒருநாளும் ஒப்புவதில்லை. பிறகு இ-சேவை மையத்தில் வாரிசுச் சான்றிதழுக்கு மனுச் செய்து, ஒப்புகைச் சீட்டை வாங்கிப் பத்திரப்படுத்துங்கள். மனு தாசில்தாருக்குப் போகும்.

2023 டிசம்பர் வெள்ளத்தில் பெட்டியிலிருந்த படங்களும் பத்திரங்களும் நனைந்து அழிந்த வீடுகளில், எஞ்சியிருப்பவை கூகுளில் சேமித்த படங்களே. இறப்புச் சான்றிதழும் மனுதாரரின் அடையாள அட்டையும் இணைத்துக் கூகுளுக்கு விண்ணப்பிக்கலாம். கடவுச்சொல்லை எவருக்கும் தரமாட்டார்கள், பரிசீலித்துச் சில சமயம் உள்ளிருப்பவற்றைத் தருவார்கள். இரண்டாண்டு பயன்படாத கணக்கை அழித்துவிடவும் கூடுமாதலால் தாமதம் ஆகாது. மறுபடியும் சொல்கிறேன், இவையெல்லாம் முடியும்வரை அந்த எண்ணை விட்டுவிடாதீர்கள்.

இருப்பவர்கள் இன்றே செய்யவேண்டியதும் உண்டு. கூகுள் கணக்கின் அமைப்புகளில், 3 முதல் 18 மாதம்வரை நீங்கள் குறிக்கும் காலம் கணக்கு செயலற்றிருந்தால் யாரிடம் ஒப்படைப்பது என்று 10 பேர்வரை குறித்துவைக்கலாம். ஐபோனிலும் இத்தகைய ஏற்பாடு இருக்கிறது. சொத்தைப் பற்றி வாட்ஸப்பில் குரற்பதிவாகச் சொல்லிவைப்பது மட்டும் உயிலாகாது. காகிதத்தில் எழுதி, இரண்டு சாட்சிகளின் கையொப்பமும் பெறவேண்டும். அதற்கு முத்திரைத்தாள்கூட அவசியமில்லை.