கடலில் எழுந்த பாட்டு



இன்றைய உரைக்கு நான் எடுத்துக்கொண்டிருப்பது எந்த நூலகத்திலும் கிடைக்காத ஒரு நூல். அது அழிந்துபோன நூலன்று. முழுமையாக எழுதப்படவே இல்லை. நாவலாசிரியர் ஒருவர் தமது கற்பனை உலகுக்கென வகுத்துக்கொண்ட புனித நூல் அது. ‘ஏயாவின் படைப்பு’ என்பது அதன் பெயர்.

அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா லெ குவின் (1929–2018) என்னும் அம்மையார் 1968 இல் ‘எர்த்சீயின் மந்திரவாதி’ என்ற நாவலை வெளியிட்டார். இளையோருக்கென எழுதப்பட்ட அந்நாவலைப் பெரியோரும் விரும்பிப் படித்தனர். அதே உலகைக் களமாகக் கொண்ட வேறு நூல்களும் தொடர்ந்து வந்தன. எர்த்சீ என்பது கண்டங்கள் இல்லாத உலகம். எங்கு நோக்கினும் கடல். கடலிடையே நூற்றுக்கணக்கான தீவுகள்.

இத்தீவுகள் தோன்றிய வரலாற்றைச் சொல்வதே ‘ஏயாவின் படைப்பு’. செகோய் என்னும் முதல்வன் ஆழ்கடலிலிருந்து தீவுகளை எழுப்பினான். உயிர்களையும் பொருள்களையும் அவற்றின் மெய்ப்பெயரால் அழைத்தான், அழைத்தவை உண்டாயின. இப்பாடல் 31 செய்யுள்கள் கொண்டது என்று, 2001 இல் வெளிவந்த ‘எர்த்சீக் கதைகள்’ தொகுதியில் ஆசிரியர் குறிப்பிடுகிறார். ஆயினும் சில அடிகளை மட்டும் அச்சிட்டாரேயன்றி, முழுமையை எங்கும் தரவில்லை.

இதனைக் குறையாக நான் கருதவில்லை. அவ்வுலகில் அப்பாடல் ஏட்டில் வைத்துப் பூசிக்கப்படுவதன்று. மாரிகாலத் திருநாளிலும், கோடையின் நெடுநடன இரவிலும் மக்கள் கூடிப் பாடுவது. சிறுவர் இளமையிலேயே மனனஞ் செய்வது. வேதத்தை ‘எழுதாக் கிளவி’ எனக் குறித்த மரபில் வந்த நமக்கு, இது விளங்கக் கடினமானதன்று.

மெய்ப்பெயர் பற்றிய கருத்தையும் இங்கு நோக்க வேண்டும். ஒரு பொருளின் மெய்ப்பெயரை அறிந்தவனே அதன்மீது ஆணை செலுத்த வல்லவன் என்பது அவ்வுலகின் விதி. அப்படியாயின் கடலை ஆள விரும்புபவன் என்ன செய்வான்? பெயர்களைக் கற்பிக்கும் ஆசான் கதாநாயகனான கெட் முதலிய மாணாக்கருக்கு இதற்கு விடை கூறுகிறார். கடல் என்ற ஒரு சொல் போதாது. ஒவ்வொரு குடாவுக்கும் ஒவ்வொரு துளிக்கும் தனிப்பெயர் உண்டு. அத்தனையும் அறிந்தவனே கடலுக்குத் தலைவன் என்பது அவ்விடையின் சாரம். அதாவது, அப்படி ஒருவன் இல்லை. அறிவுக்கு அடக்கம் கற்பிக்கும் இடம் இது.

இனி, 1972 இல் வெளிவந்த ‘மிகத் தொலைவான கரை’ என்ற நாவலுக்கு வருவோம். அங்கே உலகெங்கும் ஒரு நோய் பரவுகிறது. மந்திரம் அறிந்தோர் மந்திரச் சொற்களை மறக்கின்றனர். கைவினைஞர் தம் தொழில் நுட்பத்தை இழக்கின்றனர். காரணத்தைத் தேடி முதிய கெட்டும் அரென் என்ற இளவரசனும் படகில் செல்கின்றனர். வழியில், நிலத்தை விட்டு நெடுங்கடலில் மிதவைகளிலேயே வாழும் ஒரு மக்கட் கூட்டம் அவர்களைக் காப்பாற்றுகிறது. நெடுநடன இரவில் மிதவைகள் ஒன்றுகூடுகின்றன. விடியும்வரை பாட்டு ஓயக்கூடாது. ஆனால் இரவு முடியுமுன் பாடகர்கள் நின்றுவிடுகின்றனர். பாட்டு அவர்களுக்கு மறந்துபோயிற்று!

அவ்வேளையில் அந்நியனாகிய அரென் ‘ஏயாவின் படைப்பை’ப் பாடத் தொடங்குகிறான். தீவுகள் எழுந்த கதையை, தீவில் வாழாத மக்கள் கேட்கின்றனர். நடனம் தடைப்படாமல் நிறைவுபெறுகிறது.

பாட்டு மறந்துபோதல் லெ குவினுக்கு வெறுங் கற்பனையன்று என்றே எனக்குத் தோன்றுகிறது. அவருடைய தந்தை அல்பிரட் குரோபர், கலிபோர்னியப் பழங்குடிகளின் மொழிகளை ஆராய்ந்த மானிடவியலாளர். யாஹி என்னும் இனத்தில் தனியே எஞ்சியிருந்த ஒருவர் 1911 இல் வெளியுலகுக்கு வந்தார். தம் பெயரைத் தாமே சொல்லுதல் அவர்தம் வழக்கமன்று; அவரை அறிமுகப்படுத்த இனத்தவர் எவரும் இல்லை. ஆகவே, அவர் மொழியில் ‘மனிதன்’ எனப் பொருள்படும் ‘இஷி’ என்ற சொல்லால் குரோபர் அவரை அழைத்தார். அவருடைய கதைகளும் பாடல்களும் மெழுகு உருளைகளில் ஒலிப்பதிவாயின. 1916 இல் அவர் இறந்தார். மெய்ப்பெயர் அவரோடு போயிற்று. லெ குவின் பிறந்தது அதற்குப் 13 ஆண்டுகளின் பின். இஷியின் வரலாற்றை 1961 இல் நூலாக எழுதியவர் லெ குவினின் தாயார் தியோடோரா. உருளையில் ஒலி இருந்தது. உடன்பாட ஒருவரும் இல்லை. அரென் பாடிய இரவை நான் இதனோடு சேர்த்தே வாசிக்கிறேன்.

நேயர்களே, மனனஞ் செய்தல் அறிவை வளர்க்காது என்று வகுப்பில் பலமுறை பேசியவன் நான். பொருள் விளங்கினால் போதும், அடிகள் புத்தகத்தில் இருக்கின்றன என்பது என் வாதமாக இருந்தது. ஒருநாள் காலைப் பிரார்த்தனையில், தேவாரம் பாடிய மாணவன் மூன்றாம் அடியில் தடுமாறி நின்றான். மண்டபம் அமைதியாயிற்று. புத்தகம் எவர் கையிலும் இருக்கவில்லை. பின்வரிசையிலிருந்து ஒரு சின்னப் பையன் விட்ட அடியை எடுத்தான். முழு மண்டபமும் அவனோடு சேர்ந்துகொண்டது. முன்னே நின்ற மாணவனும் தலைநிமிர்ந்து உடன்பாடினான்.

அந்த அடி எனக்கும் அப்போது நினைவுக்கு வரவில்லை என்பதை இங்கே ஒப்புக்கொள்கிறேன். அன்று மாலையே அப்பதிகத்தை மீண்டும் மனனஞ் செய்யத் தொடங்கினேன்.