தொட்டுச் செய்யும் தொழில் – 6: எந்தக் கால் முதலில்?

சென்ற வாரம் கண்டியில் நான் படித்த பராமரிப்பாளர் வகுப்பைப் பற்றி எழுதியிருந்தேன். இந்த வாரம், வகுப்பு முடிந்து சம்பளத்துக்குப் போன முதல் வீடு.

2023 மார்ச் மாதம். ஹேவாஹெட்டயில் விடியற்காலைப் பனி இன்னும் விலகாத நேரம். கட்டிலில் படுத்திருந்த டீச்சரின் வலது காலைத் தூக்கிக் கம்பளிக் காலுறையை மாட்டப் போனேன்.

"இடது காலு முதல்ல, பிள்ளை."

இரண்டு காலும் அசையாது, உணர்வும் கிடையாது. எது முதலில் என்றால் என்ன என்று நினைத்தேன். வாய் திறக்கவில்லை, ஆனால் முகம் காட்டிக்கொடுத்திருக்க வேண்டும். டீச்சர் சொன்னார்: "வலதத் தொட்டா இடது துள்ளும். இடதுல மொதல்ல மாட்டிட்டா அடங்கிரும். ஏன்னு எனக்கும் தெரியாது. ஆறு வருசமா அப்பிடித்தான்."

நம்பாமல் இல்லை, ஆனாலும் கை ஏற்கனவே வலது பாதத்தில் இருந்தது. இடது கால் வெடுக்கென்று முழங்காலோடு மேலே இழுத்துக்கொண்டு நடுங்கியது. போர்வை தரையில் விழுந்தது. டீச்சர் ஒன்றும் சொல்லவில்லை. நடுக்கம் அடங்கும்வரை இருவரும் காத்திருந்தோம். பிறகு நான் இடது காலுக்கு முதலில் மாட்டினேன்.

டீச்சருக்கு அப்போது 58 வயது. பாதை வளைவொன்றில் த்ரீவீலர் புரண்டதில் கழுத்துப் பகுதி முள்ளந்தண்டு முறிந்திருந்தது. தோள் அசையும், முழங்கையை மடக்குவார், மணிக்கட்டை மேலே தூக்குவார். விரல்கள் தாமாக அசையாது. மார்புக்குக் கீழே ஒன்றும் தெரியாது. பென்சன் வந்தது, வெளிநாட்டிலிருந்து மகள் பணம் அனுப்பினாள். இரவில் தங்கை வந்து படுப்பார். பகலுக்கு ஓர் ஆள் வேண்டும் என்று தேடியபோதுதான் என்னைக் கூப்பிட்டார்கள்.

நான் போவதில் அம்மாவுக்கு விருப்பமே இல்லை. 30 வருடம் கொழுந்து பறித்த கை அவளுடையது. "பீ மூத்திரம் அள்ளவா ஒன்ன ஓ.எல். வரைக்கும் படிக்க வெச்சேன்?" என்று கேட்டாள். பக்கத்துக் காம்பராவுக்கும் கேட்கிற குரலில்தான் கேட்டாள். அதே அம்மாவோடு சேர்ந்து அதே வேலையை லயத்துக்குள்ளேயே அண்ணனுக்கு நான் நான்கு வருடம் செய்திருக்கிறேன். அப்போது யாரும் அதை அசிங்கம் என்று சொல்லவில்லை. காசு வாங்கினால்தான் அசிங்கமாம். இந்த வழக்கு எனக்கு இன்றுவரை விளங்கவில்லை.

எங்கள் பக்கத்து மக்கள் கூலி கேட்கக் கூச்சப்படுகிறவர்களும் அல்ல. முல்லோயாத் தோட்டம் எங்களுக்கு அடுத்த மலை. 1940 ஜனவரியில் சம்பள உயர்வு கேட்டு அங்கே தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது பொலிஸ் சுட்டதில் கோவிந்தன் என்ற தொழிலாளி செத்தார். விசாரணை ஆணைக்குழு வந்தது. அவருடைய மனைவிக்காகக் கொல்வின் ஆர். டி சில்வா வந்து வாதாடினார். உழைப்புக்குக் கூலி கேட்பதற்கு உயிரையே கொடுத்த மண் இது. இங்கே பிறந்த எனக்கு, டீச்சர் "சம்பளம் எவ்வளவு எதிர்பார்க்கிற?" என்று கேட்டபோது நாக்கு எழவில்லை.

"நீங்க பார்த்துக் குடுங்க டீச்சர்."

"அப்பிடிச் சொல்லாத. நீ ஒரு தொகை சொல்லணும். எனக்குக் கூடன்னா நான் சொல்லுவேன். பாவம் பார்த்துச் செய்யிற ஆள்கிட்ட, 'அப்பிடியில்ல, இப்பிடிச் செய்'ன்னு என்னால சொல்ல முடியாது. ரெண்டு வருசம் தங்கச்சி மட்டும் பார்த்தா. தல சீவும்போது இழுத்தாலும் நல்லா இருக்குன்னுதான் சொன்னேன். வேற என்ன சொல்ல?"

அப்போது தோட்டத்தில் நாட்சம்பளம் 1,000 ரூபாய். அதை மனதில் கணக்குப் போட்டு 30,000 என்றேன். காலை ஆறு முதல் மாலை நான்கு வரை, வாரத்துக்கு ஆறு நாள். இரவு தங்கினால் தனியாக 1,500. அப்பியாசக் கொப்பி ஒன்றில் இதையெல்லாம் நான் எழுதினேன். விரல் அசையாத டீச்சர் எப்படிக் கையெழுத்து வைப்பார் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். பேனாவை விரல்களுக்கிடையில் செருகச் சொன்னார். மணிக்கட்டை மேலே தூக்கினார். தூக்கியதும் விரல்கள் தாமாக உள்ளே மடிந்து பேனாவைக் கவ்விக்கொண்டன. தோளிலிருந்து கையை நகர்த்திப் பெயரை எழுதி முடித்தார்.

அந்த மடிந்த விரல்களைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும்.

முதல் வாரத்தில் ஒருநாள் டீச்சரைக் குளிப்பாட்டி, நல்லெண்ணெய் போட்டுக் கைகளை நீவினேன். கொக்கிபோல் வளைந்திருந்த விரல்களைப் பார்க்கப் பாவமாக இருந்தது. ஒவ்வொன்றாக நிமிர்த்தி, உள்ளங்கையைத் தட்டையாக்கி, மணிக்கட்டைப் பின்னால் வளைத்து நன்றாக இழுத்துவிடப் பார்த்தேன். டீச்சர் கத்தியே விட்டார். என்மேல் அவர் குரல் உயர்த்திய ஒரே நாள் அது.

வலித்ததால் கத்தவில்லை. பிறகு அவர் விளக்கினார். டிகன புனர்வாழ்வு வைத்தியசாலையில் அவருக்குச் சொல்லிக் கொடுத்தது. விரலை மடக்கும் தசைநார்கள் மணிக்கட்டைத் தாண்டித்தான் கைக்குள் வருகின்றன. அவை கொஞ்சம் இறுக்கமாக இருந்தால், மணிக்கட்டை உயர்த்தும்போது விரல்கள் தாமாக மடியும். விரல் செயலிழந்தவர் கோப்பை தூக்குவது, கரண்டி பிடிப்பது, பேனா பிடிப்பது எல்லாமே அந்த இறுக்கத்தால்தான். மணிக்கட்டையும் விரலையும் ஒரே நேரத்தில் நிமிர்த்தி இழுத்தால் நார் தளர்ந்துவிடும். பிடி போய்விடும், திரும்பி வராது. விரலை நிமிர்த்த வேண்டுமானால் மணிக்கட்டைக் கீழே தொங்கவிட்டு நிமிர்த்த வேண்டும். அவ்வளவுதான் விஷயம். அதைத் தெரிந்துகொள்ளாமல்தான் நான் நான்கு வருடம் கழித்திருந்தேன்.

என் அண்ணன் 2016ல் கிராமத்துத் தோட்டமொன்றில் கராம்பு ஆயப் போய் மரத்திலிருந்து விழுந்தான். அவனுக்கும் கழுத்துதான். வைத்தியசாலையிலிருந்து வீட்டுக்கு வந்த முதல் மாதங்களில் இரண்டு கை மணிக்கட்டாலும் தேத்தண்ணிக் கோப்பையைத் தூக்கிக் குடித்தான். நான் தினமும் எண்ணெய் போட்டு அவன் விரல்களை நிமிர்த்தினேன். மணிக்கட்டைப் பின்னால் வளைத்து, ஒரு விரல் விடாமல். விரல்கள் நேராகி வருவதைப் பார்த்து சந்தோஷப்பட்டேன். அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். ஒரு வருடத்துக்குள் கோப்பை அவன் கையிலிருந்து நழுவத் தொடங்கியது. நோய் கூடிவிட்டது என்று நினைத்தோம். அதன்பிறகு நானே ஊட்டினேன்.

அவன் ஒரு நாளும் "இழுக்காத" என்று சொல்லவில்லை. அவனுக்குத் தெரிந்திருந்ததா, தெரியாமல் இருந்ததா என்பது எனக்கு இனித் தெரியப்போவதில்லை. தெரிந்திருந்தாலும் சொல்லியிருப்பானா? பத்தடிக்குப் பன்னிரண்டடி காம்பராவில், அம்மா மலைக்குப் போய்விட, தங்கச்சி படிப்பை விட்டுவிட்டுப் பக்கத்தில் இருக்கிறாள். அவளிடம் எதைக் குறை சொல்வது? 2020ல் இடுப்புக்குக் கீழே வந்த படுக்கைப்புண்ணில் கிருமி ஏறிச் செத்தான். அவனுக்கு 31 வயது.

டீச்சர் வீட்டிலிருந்து அன்று மாலை இறங்கி வரும்போது பஸ்ஸுக்கு நிற்காமல் நடந்தே வந்தேன்.

வகுப்பில் இதைச் சொல்லித் தரவில்லையா என்று கேட்பீர்கள். குளிப்பாட்டுவது, உணவூட்டுவது, கட்டில் விரிப்பது, நாடி பார்ப்பது எல்லாம் சொல்லித் தந்தார்கள். பொம்மையை வைத்துச் சொல்லித் தந்தார்கள். பொம்மை எதையும் வேண்டாம் என்று சொல்லாது. கட்டிலிலிருந்து சக்கர நாற்காலிக்கு மாற்றுவதையும் அந்தப் பொம்மையில்தான் பழகினேன். நாற்காலியைக் கட்டிலுக்குச் சாய்வாக ஒட்டிவை, பிரேக்கைப் போடு, கால்தட்டை விலக்கு, உன் முழங்காலால் அவர் முழங்காலுக்கு அணை கொடு, முதுகை வளைக்காதே, 'ஒன்று, இரண்டு, மூன்று' எண்ணித் தூக்கு. எல்லாம் சரி. ஆனால் எண்ண வேண்டியது யார் என்று யாரும் சொல்லவில்லை. டீச்சர் வீட்டில் டீச்சர்தான் எண்ணுவார். சில நாள் இரண்டோடு நிறுத்தி மூச்செடுப்பார். நான் காத்திருப்பேன். அவர் மூன்று சொன்ன பிறகு தூக்கினால் பாரமே தெரியாது. தோளை அவரும் முன்னால் தருவார்.

மூன்றாம் மாதம், தங்கை ஊரில் இல்லாததால் நான் இரவு தங்கினேன். நடுச்சாமத்தில் கூப்பிட்டார். முகம் சிவந்து நெற்றியில் வியர்வை வடிகிறது, தலை பிளக்கிறது என்கிறார். ஹேவாஹெட்டக் குளிரில் வியர்வை! காய்ச்சல் என்று நினைத்துத் தலையணையை எடுத்துத் தட்டையாகப் படுக்க வைக்கப் போனேன்.

"படுக்க வைக்காத. தூக்கி ஒக்கார வை. டியூபப் பாரு."

உட்கார வைத்துப் போர்வையை விலக்கினால், சிறுநீர்க் குழாய் தொடைக்கடியில் மடிந்து கிடந்தது. பையில் ஒரு சொட்டு இல்லை. மடிப்பை எடுத்ததும் மளமளவென்று இறங்கியது. கொஞ்ச நேரத்தில் தலைவலி விட்டது. முள்ளந்தண்டின் மேற்பகுதி முறிந்தவர்களுக்குச் சிறுநீர்ப்பை நிரம்பினால் அது வலியாகத் தெரியாது. இரத்த அழுத்தம் தலைதெறிக்க ஏறும். பார்க்காமல் விட்டால் மூளையில் இரத்தம் கசியலாம், உயிரும் போகலாம். படுக்க வைத்தால் அழுத்தம் இன்னும் ஏறும். சான்றிதழ் என் பையில் இருந்தது. அந்த இரவில் என்ன செய்ய வேண்டும் என்று தெரிந்தவர் கட்டிலில் இருந்தார்.

என்ன செய்ய வேண்டும் என்று தெரிந்தவர் கட்டிலில் இருப்பவர்தான் என்பதை உலகத்துக்கு முதலில் சத்தமாகச் சொன்னவர்களில் எட் ராபர்ட்ஸ் ஒருவர். 14 வயதில் போலியோ வந்து கழுத்துக்குக் கீழே செயலிழந்தவர். தூங்குவதற்கு இரும்புச் சுவாசப் பெட்டி வேண்டியிருந்தது. வேலைக்குத் தகுதியில்லாத அளவுக்கு ஊனம் என்று கலிபோர்னியாவின் புனர்வாழ்வுத் திணைக்களம் அவரை ஒதுக்கியது. 1962ல் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் சேர்ந்து, வளாக வைத்தியசாலையின் ஓர் அறையில் தங்கிப் படித்தார். அவரும் பின்னால் வந்த நண்பர்களும் தங்கள் உதவியாளர்களைத் தாங்களே தேர்ந்தெடுத்தார்கள், தாங்களே பழக்கினார்கள், சரிவராவிட்டால் தாங்களே நிறுத்தினார்கள். 1972ல் அங்கே சுயாதீன வாழ்வு நிலையம் தொடங்கியது. 1975ல் அவரை ஒதுக்கிய அதே திணைக்களத்துக்கு அவரே பணிப்பாளர் ஆனார். சுவீடனில் 1994 முதல், இப்படி உதவியாளர் வைத்துக்கொள்வது சட்டப்படியான உரிமை. சம்பளத்துக்கான பணம் பொதுப் பணத்திலிருந்து வருகிறது.

நம் நாடும் மாற்றுத்திறனாளிகளுக்கான ஐ.நா. சமவாயத்தை 2016 பெப்ரவரியில் ஏற்று உறுதிசெய்தது. அதன் 19ஆம் உறுப்புரை ஆள்சார் உதவியைப் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. கையில் வருவதோ, வருமானம் பார்த்துத் தெரிவாகும் குடும்பங்களுக்கான மாதாந்தக் கொடுப்பனவு: 2025 ஏப்ரலில் 7,500 ரூபாயிலிருந்து 10,000 ஆனது. டயப்பருக்கும் மருந்துக்கும் கண்டிக்குப் போய்வரும் த்ரீவீலருக்கும் அதுவே போதாது. அதில் உதவியாளருக்குச் சம்பளம் எங்கே கொடுப்பது? டீச்சருக்குப் பென்சனும் மகளும் இருந்தார்கள். லயத்தில் படுத்திருக்கும் அண்ணன்மாருக்கு யார் இருக்கிறார்கள்? அவர்களும் 'அப்படியில்ல, இப்படி' என்று சொல்ல வேண்டுமானால், சம்பளத்தை அரசாங்கம் அவர்கள் கையில் கொடுத்து, ஆளை அவர்களே தேடிக்கொள்ளவிட வேண்டும். இதை நான் வேண்டுகோளாக எழுதவில்லை. உரிமைக் கோரிக்கையாகவே எழுதுகிறேன்.

செய்கிறவளின் நிலையும் அதேதான். 2016ஆம் ஆண்டின் தேசிய ஆகக்குறைந்த வேதனச் சட்டம் வீட்டுப் பணியாளரைத் தொழிலாளர் என்ற வரையறைக்கு வெளியே வைத்தது. வீட்டு வேலைக்காரர்களைப் பதிவு செய்ய 1871லேயே வெள்ளைக்காரன் சட்டம் போட்டான். அவர்களைக் கண்காணிக்கும் அக்கறை அன்றே இருந்திருக்கிறது. ஒருவர் வீட்டுக்குள் போய் அவர் உடம்பைப் பார்த்துக்கொள்ளும் என்னை எந்தப் பெயரில் எழுதுவார்கள்? அந்த அப்பியாசக் கொப்பிதான் எனக்கிருந்த ஒரே சட்டம். என்னோடு படித்தவர்களில் பலர் இஸ்ரேலுக்கும் ஜப்பானுக்கும் போக முயல்வதில் எனக்கு ஆச்சரியமில்லை. அங்கே இது தொழில்.

2024 கடைசியில் நான் டீச்சர் வீட்டிலிருந்து விலகினேன். என் இடத்துக்குத் தெல்தோட்டைப் பக்கத்திலிருந்து ஒரு தங்கச்சி வந்தாள். டீச்சரே அவளிடம் கேள்வி கேட்டார், சம்பளம் பேசினார். என்னைப் பக்கத்தில் உட்கார மட்டும் சொன்னார். பேசி முடிந்ததும் அந்தப் பெண் குசினிக்குப் போய்த் தேத்தண்ணி ஊற்றினாள். கதவடியில் நின்று என்னைப் பார்த்துக் கேட்டாள்.

"அக்கா, டீச்சருக்குச் சீனி எவ்வளவு?"

எனக்குத் தெரியும். சொல்லவில்லை. அவள் கொஞ்சம் குழம்பி, பிறகு டீச்சர் பக்கம் திரும்பினாள்.

"டீச்சர், சீனி எவ்வளவு போட?"

"ஒன்றரைக் கரண்டி. கிளாஸ்ல வேணாம் பிள்ளை, காது வெச்ச கோப்பையில ஊத்து."

(தொடரும்)