மண்ணும் தொட்டியும் – 9: வடக்குச் சுவரின் வெயில்

சென்ற வாரம் மொட்டைமாடியில் வெயில் காய்ந்தோம். இந்த வாரம் படியிறங்கி நிழலுக்கு வருவோம். “எங்க வீட்டில் வெயிலே விழாது, பூச்செடி வைக்க முடியுமா?” என்று கேட்காதவர்கள் குறைவு. தாராளமாக முடியும். ஆனால் நர்சரிக்குப் போவதற்கு முன் ஒரு வேலை பாக்கி இருக்கிறது. அதைச் செய்யாமல் நான் பட்ட பாட்டை முதலில் சொல்லிவிடுகிறேன்.

சென்னைப் புறநகரில் இந்த வீட்டுக்குக் குடிவந்தது ஒரு மார்கழி மாதம். வடக்குச் சுவரை ஒட்டி மூன்றடி அகலப் பாத்தி சும்மா கிடந்தது. வெயில் அங்கே எட்டிக்கூடப் பார்க்கவில்லை. வடக்குப் பக்கம் என்றாலே நிழல் என்று வெளிநாட்டுத் தோட்டப் புத்தகங்களில் படித்திருந்த தைரியத்தில் எட்டு பீஸ் லில்லி வாங்கி வரிசையாக நட்டேன். பங்குனி வரை கண்ணுக்குக் குளிர்ச்சியாகப் பூத்தன. சித்திரை பாதி தாண்டியதும் இலைகளில் பழுப்புத் திட்டு. அக்னி நட்சத்திரம் முடிவதற்குள் ஐந்து செடிகள் கருகிச் சுருண்டன. பயந்துபோய் மிச்சம் மூன்றுக்கும் வேளாவேளைக்குத் தண்ணீர் ஊற்றியதில் அவை வேர் அழுகிச் செத்தன.

“மார்கழி நெழலப் பாத்து நட்டியே, சித்திரை வெயில் எந்தப் பக்கம் வரும்னு யோசிச்சியாடா?” என்றார் அம்மா.

யோசிக்கவில்லை. லண்டனில் சூரியன் ஒருநாளும் தலைக்கு நேர்மேலே வராது. நண்பகலில் எப்போதும் தெற்கில்தான் நிற்கும். சென்னை 13 டிகிரி வடக்கு அட்சரேகையில் இருக்கிறது. ஏப்ரல் கடைசி வாரத்தில் சூரியன் உச்சந்தலைக்கு வந்து, அதையும் தாண்டி வடக்கே சாய்கிறது. ஆகஸ்ட் பாதிக்கு மேல்தான் தெற்கே திரும்புகிறது. 20 அடி உயர வீட்டின் நண்பகல் நிழல் டிசம்பர் கடைசியில் வடக்கே கிட்டத்தட்ட 15 அடி நீளும். ஜூன் கடைசியில் அதே நிழல் தெற்கே விழும், அதுவும் நாலடிக்குள். அதாவது கோடையின் உக்கிரத்தை வாங்கிக்கொள்வதே வடக்குச் சுவர்தான். நம் ஊரில் நிழலும் குடித்தனம் மாறுகிறது.

ஆகவே முதலில் நிழலைத் தரம் பிரியுங்கள். பகல் 12 மணிக்குத் தரைக்கு ஓரடி மேலே கையை நீட்டுங்கள். விரல்களின் நிழல் தனித்தனியாகக் கூர்மையாக விழுந்தால் அது வெயில். கை வடிவம் மங்கலாகத் தெரிந்தால் பூக்க வைக்கும் நிழல். ஒன்றுமே விழாவிட்டால், இரண்டு வீட்டுக்கு நடுவே உள்ள சந்து மாதிரியான இருட்டு. அங்கே பூவுக்கு ஆசைப்படாமல் இலைச்செடியோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.

பருவத்துக்குப் பருவம் வெயில் வந்துபோகும் வடக்குப் பாத்திக்கு நான் இப்போது வைத்திருப்பது கனகாம்பரம். தென்னிந்தியாவும் இலங்கையும் அதற்குத் தாய்மண். அரை நிழலிலும் பூக்கும், சில மணி நேர வெயிலையும் தாங்கும். காய்ந்த கதிரில் ஈரம் பட்டால் காய் ‘பட்’டென்று வெடித்து விதை தெறிக்கும், அடுத்த மழையில் பாத்தி முழுக்க நாற்று. டெல்லி கனகாம்பரத்துக்கு இந்த வித்தை தெரியாது. அது விதை பிடிக்காத ரகம், குச்சி வெட்டித்தான் நட வேண்டும். இரண்டுக்கும் நூற்புழுத் தொல்லை உண்டு. நடும்போதே குழியில் ஒரு கைப்பிடி வேப்பம் புண்ணாக்கு போட்டுவிடுங்கள்.

வருஷம் முழுக்க வெளிச்ச நிழல் உள்ள இடத்துக்குப் பீஸ் லில்லியும் ஆந்தூரியமும். பீஸ் லில்லியில் வெள்ளையாக நாம் ரசிப்பது அதன் பூவே அல்ல. தென்னம்பாளை மாதிரி அதுவும் ஒரு பாளை. நடுவில் நிற்கும் தண்டில் புள்ளிபுள்ளியாக இருப்பவைதான் பூக்கள். மேல்மண்ணில் ஒரு விரற்கணு ஆழம் காய்ந்த பிறகுதான் தண்ணீர். நிழலில் செடிகள் தாகத்தால் சாவதைவிட நம் கரிசனத்தால் சாவதே அதிகம்.

மாமரத்தடியில் மரத்தின் வேர்கள் வேறு செடியை வளர விடா; அங்கே தொட்டிதான் சரி. என் மரத்தடித் தொட்டியில் இருப்பது ஃபுட்பால் லில்லி. ஆப்பிரிக்கக் கிழங்குச் செடி. கார்த்திகை, மார்கழியில் இலை மஞ்சளாகி அடியோடு மறைந்துவிடும். செத்துவிட்டதென்று தொட்டியைக் கொட்டாதீர்கள். முதல் கோடை மழைக்குப் பின் ஒருநாள் மண்ணைக் கீறிக்கொண்டு பருத்த விரல் போல ஒரு மொட்டு வரும். நாலைந்து நாளில் அது விரிந்து, நூற்றுக்கு மேற்பட்ட சிறு பூக்கள் சேர்ந்த சிவப்புப் பந்தாகிவிடும். ஒரு வாரக் கூத்து, பிறகு அடுத்த வருஷம்தான். கிழங்கு வெங்காயம் போலிருந்தாலும் விஷம். குழந்தைகளும் நாயும் உள்ள வீட்டில் கவனம்.

சொன்னேனே, பாக்கி வேலை! மாதம் ஒருநாள் நண்பகலில் நிழல் முடியும் இடத்தில் அடையாளம் வையுங்கள். நான் முதலில் கோலமாவில் கோடு போட்டேன். சாயங்காலத்துக்குள் எறும்புகள் தூக்கிக்கொண்டு போய்விட்டன. இப்போது செங்கல் சில்லு. பன்னிரண்டு சில்லு சேர்ந்த பிறகுதான் அடுத்த பீஸ் லில்லியை வாங்கினேன். எங்கே வைப்பது என்று அந்தத் தடவை அம்மாவிடம் கேட்க வேண்டியிருக்கவில்லை.

(அடுத்த வாரம்: நிழல் தோட்டத்தின் இரவு விருந்தாளிகளான நத்தைகள்)