மழையை நிறுத்தாத மந்திரவாதி

மந்திரவாதி என்றதும் நம் மனக்கண்முன் தோன்றுபவன் வெண்தாடிக் கிழவன் ஒருவன். அவன் கோலை உயர்த்தினாற் புயல் அடங்கும், கல் பொன்னாகும். இளமையில் அவன் எப்படி இருந்தான், வித்தையை எங்கே கற்றான் என்று நாம் கேட்பதில்லை. அமெரிக்க எழுத்தாளரான ஊர்சுலா லெ குவின் அம்மையார் கேட்டார். 1968ஆம் ஆண்டு வெளிவந்த ‘ஏர்த்சீயின் மந்திரவாதி’ என்னும் நாவல் அக்கேள்வியிற் பிறந்ததே. மந்திரம் பயிலும் சிறுவர்க்கென ஒரு பள்ளிக்கூடத்தையும் அவர் அதில் அமைத்தார். ஹரி பொட்டர் கதையின் முதல் நூல் 1997இலேதான் வந்தது என்பதை இளம் வாசகர்கள் குறித்துக்கொள்வார்களாக!

ஏர்த்சீ என்பது எந்தத் தேசப்படத்திலும் இல்லாத உலகம். கடலும் தீவுகளுமே அங்குள்ளவை. அவ்வுலகத்து அறிஞர்க்கு ஒரு தத்துவம் உண்டு. நாம் இங்கே கூறப்புகுவது மந்திர ஜாலங்களையன்று, அத்தத்துவத்தையே.

ஒவ்வொரு பொருளுக்கும் ஆதிமொழியில் ஒரு மெய்ப்பெயர் உண்டு; அதனை அறிந்தவனுக்கு அப்பொருள் கட்டுப்படும். மனிதரும் இதற்கு விலக்கல்லர். ஆகவே ஒருவர் தம் மெய்ப்பெயரை உயிர்த் தோழரன்றிப் பிறர்க்குச் சொல்லார். கதாநாயகனை ஊரார் ‘வல்லூறு’ என்றே அழைக்கின்றனர். ‘கெட்’ என்னும் மெய்ப்பெயரை அவனுக்குச் சூட்டியவர் அவனுடைய முதற் குருவாகிய ஓகியன். கணவன் பெயரை வாயாற் சொல்லாத ஆச்சிமாரைக் கண்ட நமக்கு இவ்வழக்கம் முற்றும் புதுமையன்று.

இது தத்துவத்தின் ஒரு பாதி. மறு பாதி சமநிலை. உலகம் ஒரு தராசு போல நிற்கிறது. ஓரிடத்தில் மழையை வருவித்தால் வேறோரிடத்தில் வயல் காயலாம். ஒரு கூழாங்கல்லை மெய்யாகவே இரத்தினமாக்குவது உலகத்தையே மாற்றுவதாகும். ஆதலின் வல்லமை மிக்கவன் அதனைத் தேவையின்றிப் பயன்படுத்தான்.

கெட் சிறுவனாய்க் குருவுடன் மலைவழியே நடந்து செல்லும் இடம் எமக்கு மிகவும் பிடித்தமானது. வழியில் ஒரு பூண்டைக் காட்டுகிறார் குரு. அதனால் என்ன பயன் என்று கேட்கிறான் மாணவன். தாம் அறிந்தவரை ஒன்றுமில்லை என்கிறார் அவர். பின்பு, உன்னால் என்ன பயன், என்னால் என்ன பயன் என்று திருப்பிக் கேட்கிறார். இரவில் மழை பிடித்துக்கொள்கிறது. சாதாரண மந்திரவாதியும் ஒரு சொல்லால் மேகத்தை விலக்கியிருப்பான். ஓகியனோ மழையைப் பெய்ய விட்டு, ஒரு மரத்தடியிற் படுத்துக்கொள்கிறார். நனைந்து நடுங்கும் சிறுவனுக்கு ஆத்திரம் பொங்குகிறது. பயன்படுத்தாத சக்தி எதற்கு? பதின்மூன்று வயதுப் பிள்ளை கேட்கக்கூடிய நியாயமான கேள்விதான்.

இக்கருத்துக்கள் லெ குவினுக்கு எங்கிருந்து கிடைத்தன? அவர் தந்தை அல்பிரட் குரோபர் புகழ்பெற்ற மானிடவியல் அறிஞர். சீன ஞானி லாவோத்சேயின் ‘தாவோ தே சிங்’ அவர் விரும்பிப் படித்த நூல்; மகளும் சிறு வயதிலேயே அதனைக் கற்று, 1997இல் தமது ஆங்கில வடிவத்தை வெளியிட்டார். செய்யாமையும் ஒரு செயலே என்னும் எண்ணம் அவ்வழியே வந்தது. பெயரின் அருமையும் அவ்வீட்டார்க்கு ஏட்டுச் செய்தியன்று. 1911இல் கலிபோர்னியாவில் தம் இனத்தார் அனைவரையும் இழந்து தனியே வெளிப்பட்ட பழங்குடி மனிதர் ஒருவர், மரபுக்கு அஞ்சித் தம் பெயரைச் சொல்ல மறுத்தார். அவர் மொழியில் ‘மனிதன்’ எனப் பொருள்படும் ‘இஷி’ என்னும் சொல்லால் குரோபர் அவரை அழைத்தார். 1916இல் இறக்கும்வரை அவர் மெய்ப்பெயரை ஒருவரும் அறியவில்லை. அவர் வரலாற்றை 1961இல் நூலாக எழுதியவர் லெ குவினின் தாயார்.

கதைக்கு வருவோம். கெட் செருக்கினால் தவறுகிறான். சக மாணவனின் ஏளனத்துக்கு மறுமொழியாக இறந்தவள் ஒருத்தியின் ஆவியை அழைக்கப்போய், கொடிய நிழல் ஒன்றை வெளியே விட்டுவிடுகிறான். திறந்த வாயிலை அடைப்பதற்குப் பள்ளித் தலைவர் தம் உயிரையே கொடுக்கிறார். அந்நிழலுக்குப் பெயரில்லை என்கிறார் அடுத்த தலைவர். உலகின் கோடிவரை தேடிச் சென்று கெட் அதனை எதிர்கொள்ளும்போது, அதற்கு அவன் இடும் பெயர் தன் பெயரே.

1972இல் வந்த மூன்றாம் நூலில், சாவை வெல்ல விரும்பிய ஒருவன் திறந்த கதவை அடைத்து, கெட் தன் ஆற்றல் முழுவதையும் இழக்கிறான். பெரும்பாலான ஆசிரியர்கள் இவ்விடத்திற் பேனாவை மூடியிருப்பர். லெ குவினும் பல ஆண்டு மூடித்தான் வைத்திருந்தார். ஆனால் தாம் உண்டாக்கிய தத்துவத்தைத் தாமே விசாரிக்கத் துணிந்தார். அதனாலேயே அவரை நாம் பெரிதும் மதிக்கிறோம். றோக் தீவின் பள்ளியில் ஏன் ஒரு பெண்பிள்ளையும் இல்லை? கிராமத்து மருத்துவச்சியின் மந்திரம் ஏன் இழிவு? சமநிலை என்று ஞானிகள் காத்தது யாருடைய சமநிலை? 1990இல் வந்த ‘தெஹானு’வில், ஆற்றலிழந்த கெட் ஆடு மேய்க்கிறான், கதையை நடத்துபவள் ஒரு விதவை. தீயிலே தள்ளப்பட்டு முகம் வெந்த சிறுமி ஒருத்தியை அவள் வளர்க்கிறாள். மந்திரப் போரை எதிர்பார்த்த வாசகர் சிலர் முகஞ்சுழித்தனர்.

2001இல் வந்த ‘மற்றொரு காற்று’ இன்னும் ஒரு படி மேலே செல்கிறது. ஏர்த்சீயில் இறந்தோர் ஒரு தாழ்ந்த கற்சுவருக்கு அப்பால், மழையும் காற்றும் அற்ற வறண்ட நிலத்தில் நிற்பர். முன்னைய நூல்களில் இது உலக நியதி. இப்போதோ அது பண்டைய மந்திரவாதிகள் நித்திய வாழ்வை விரும்பிச் செய்த திருட்டு என்று தெரியவருகிறது. விலங்குகள் இறந்து மண்ணோடு மண்ணாகின்றன. மனிதரோ மெய்ப்பெயராற் கட்டுண்டு அங்கே கிடக்கின்றனர். எது ஞானத்தின் வேர் எனப்பட்டதோ அதுவே விலங்காயிற்று! 33 ஆண்டுகளுக்கு முன் தாம் நட்ட மரத்தின் அடியிலேயே கோடரி வைத்தார் அம்மையார். 2018இல் அவர் காலமானார்.

அந்நூலின் நாயகன் பெரிய மந்திரவாதியல்லன். உடைந்த பானைகளையும் குடங்களையும் பொருத்துபவன். இறந்த மனைவி இரவுதோறும் கனவிலே சுவருக்கு அப்பால் நின்று, தன்னை விடுவிக்குமாறு அவனை அழைக்கிறாள். வாழ்நாளெல்லாம் உடைந்ததைப் பொருத்திய கைகளால் அவன் அச்சுவரின் கற்களைப் பெயர்க்கிறான். கூட்டங் கூட்டமாக இறந்தோர் இடைவெளியினூடே வெளியேறுகின்றனர்; ஒளியிற் பட்டதும் தூசாகிக் காற்றோடு கலக்கின்றனர்.