தோல்வியின் பின் ஒரு கட்சி

தேர்தலிற் படுதோல்வியுற்ற கட்சியொன்று மீண்டும் தலையெடுப்பது எங்ஙனம்? கொள்கையை மாற்றியா, தலைவரை மாற்றியா, அன்றிக் காலம் கனியும்வரை காத்திருந்தா? இவ்வினாவிற்கு நமது குடாநாட்டு வரலாறே தக்க சான்றொன்றைத் தருகின்றது.

மலையகத் தமிழரின் குடியுரிமையைப் பறித்த 1948ஆம் ஆண்டுச் சட்டமும், தமிழ்க் காங்கிரஸ் அரசாங்கத்திற் சேர்ந்தமையும் காரணமாகப் பிரிந்தோர், 1949 டிசெம்பரில் இலங்கைத் தமிழரசுக் கட்சியை நிறுவினர். சமஷ்டி ஆட்சியே அதன் குறிக்கோள். 1952ஆம் ஆண்டுத் தேர்தலில் மக்கள் அதனை ஏற்றிலர். கோப்பாயில் திரு. கு. வன்னியசிங்கமும், திருகோணமலையில் திரு. என். ஆர். இராஜவரோதயமும் மாத்திரமே வென்றனர். தலைவர் திரு. சா. ஜே. வே. செல்வநாயகம் காங்கேசன்துறையில் ஐக்கிய தேசியக் கட்சியின் திரு. சு. நடேசனிடம் தோற்றார். வட்டுக்கோட்டையில் திரு. அ. அமிர்தலிங்கமும் தோற்றார்.

எனினும் கட்சி தலைவரையும் மாற்றவில்லை, கொள்கையையும் கைவிடவில்லை. ‘சுதந்திரன்’ பத்திரிகை வாயிலாகத் தன் கருத்தை இடைவிடாது எடுத்துரைத்தது. குடாநாட்டோடு அமையாது கிழக்கு மாகாணத்தையும் தன் களமாகக் கொண்டது.

மொழிப் பிரச்சினை அதன் பின்னரே முற்றியது. சிங்களத்திற்கும் தமிழிற்கும் சம அந்தஸ்து அளிப்பதாக 1954இல் பிரதமர் சேர் ஜோன் கொத்தலாவலை கொக்குவிலில் உறுதி கூறினார். ஆனால் 1956இன் தொடக்கத்தில் அவரது கட்சியே களனியிற் கூடிச் சிங்களம் மட்டும் என்னுங் கொள்கையை ஏற்றது. அவ்வாண்டுத் தேர்தலில் தமிழரசுக் கட்சி 10 இடங்களைக் கைப்பற்றியது. தமிழ்க் காங்கிரஸ் ஒன்றையே பெற்றது. செல்வநாயகமும் அமிர்தலிங்கமும் தாம் தோற்ற தொகுதிகளிலேயே வென்றனர்.

இவ்வெற்றியைத் தந்தது களனித் தீர்மானமே எனின், அது பாதி உண்மையே. மக்கள் மனம் மாறிய வேளையில், அவர்கள் நம்பிச் சேரத்தக்க இடம் ஒன்று ஆயத்தமாயிருந்தது என்பதே மற்றப் பாதி. ஆயினும் கல்முனையிலும் பொத்துவிலிலும் கட்சியின் சார்பில் வென்ற முஸ்லிம் உறுப்பினர் பின்னர் அரசாங்கப் பக்கஞ் சேர்ந்தனர். இடங்களைப் பெறுதல் வேறு, வேரூன்றுதல் வேறு என்பதை இது காட்டும்.

2024ஆம் ஆண்டுத் தேர்தலில் யாழ்ப்பாண மாவட்டத்தின் 6 இடங்களில் 3 தேசிய மக்கள் சக்திக்குச் சென்றன. தமிழரசுக் கட்சிக்குக் கிடைத்தது ஒன்றே. 1952இன் பாடம் அக்கட்சிக்கு மீண்டும் பயன்படும். அன்று அதற்குத் தெளிவான குறிக்கோள் ஒன்றிருந்தது. அதனைப் பொறுமையுடன் மக்களிடம் கொண்டுசெல்வோரும் இருந்தனர். இவ்விரண்டும் இல்லாதவிடத்துக் காலம் கனிந்தாலும் கனியைப் பறிப்போர் பிறரேயாவர்.