செகிகஹாராப் போர்

முத்துக்குளித்துறை மக்களிடையே மறைப்பணி ஆற்றிய புனித பிரான்சிஸ் சவேரியார், 1549-ஆம் ஆண்டு ஜப்பானின் ககோஷிமா நகரில் கால் வைத்தார். அந்நாளில் அந்நாடு, சாமுராய் எனும் போர்வீரர் குலங்களின் ஓயாச் சண்டையில் சிக்கித் தவித்தது. அக்குலங்களுள் தலைமை எதற்கு என்பதைத் தீர்மானித்தது 1600-ஆம் ஆண்டின் செகிகஹாராப் போர்.

நாட்டை ஒரு குடைக்கீழ்க் கொணர்ந்த ஹிதேயோஷி 1598-இல் மாண்டார். அவர் மைந்தனுக்கு வயது ஐந்தே. சிறுவனைக் காப்பதாக வாக்களித்த பிரபுக்களே இரு அணியாகப் பிரிந்தனர். கிழக்கு அணியைத் தோக்குகாவா இயேயாசு நடத்தினார். மேற்கு அணியை இஷிதா மித்சுநாரி திரட்டினார்.

போரின் முதற்பலிகளுள் ஒருவர் பெண்மணி. கிழக்கு அணியைச் சேர்ந்த ஹொசொகாவா ததாஒகியின் மனைவி கிராசியா, வெளியே செல்ல இயலாத நிலையில், 1587-இல் தம் தோழி மரியாவின் கையால் வீட்டிலேயே ஞானஸ்நானம் பெற்றவர். எதிரிகளின் மனைவி மக்களைப் பணயமாகப் பிடிக்க எண்ணிய இஷிதா, ஒசாகாவிலிருந்த அவர் மாளிகையைச் சூழ்ந்தார். அகப்படும் நிலை வந்தால் உயிரை மாய்த்துக்கொள்வதே சாமுராய் குல மரபு. அது தெய்வ கட்டளைக்கு மாறானது என்று கிராசியா மறுத்தார். கணவர் இட்டிருந்த ஆணைப்படி காவலர் ஒருவரே அவரைக் கொன்று, மாளிகைக்குத் தீ வைத்தார்.

அக்டோபர் 21 காலை, மூடுபனி விலகியதும் செகிகஹாராப் பள்ளத்தாக்கில் போர் மூண்டது. நண்பகல்வரை வெற்றி எவர் பக்கமும் சாயவில்லை. அவ்வேளையில், மேற்கு அணியின் கொபயகாவா ஹிதேயாகி, மலைமீதிருந்த சுமார் 15,000 வீரருடன் இறங்கித் தம் அணியையே தாக்கினார். பிற்பகலில் எல்லாம் முடிந்தது. இயேயாசு 1603-இல் ஷோகுன் ஆனார். அவர் வம்சம் 1868 வரை ஆண்டது. பக்கம் மாறியவரோ பெருநிலம் பரிசு பெற்றும், 1602-இல் வாரிசின்றி மறைந்தார்.

மேற்கு அணித் தளபதி கொனிஷி யுகினாகா, அகுஸ்தீன் என்னும் ஞானஸ்நானப் பெயர் கொண்டவர். தோற்றபின் அவரும் தற்கொலைக்கு இணங்கவில்லை. பிடிபட்டு, கியோத்தோ நகரில் தலை வெட்டப்பட்டார். அது சாமுராய்க்குப் பெரும் இழிவு எனக் கருதப்பட்ட காலம்!

கிராசியாவும் அகுஸ்தீனும் எதிரெதிர் அணியினர். ஆயினும் இருவரும் ஒரே கட்டளைக்குக் கீழ்ப்படிந்தனர். உயிர் தந்தவர்க்கே அதை எடுக்கும் உரிமை உண்டு என்று நாம் மறைக்கல்வி வகுப்பில் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். உலகமே இழிவென்று பழித்தபோதும் அதை விட்டுக்கொடாத இவ்விருவரையும் நாம் மறவாதிருப்போமாக.